உடலெல்லாம் கண்

நடிகனுக்குக் கண்தான் முதல் என்று சொல்லிப் பழகிவிட்டோம். போலந்து நடிகர் ஸ்பிக்னியெவ் சிபுல்ஸ்கி அந்தக் கண்ணைக் கறுப்புக் கண்ணாடியால் மூடிக்கொண்டு வந்து நடித்தார். உலகம் அவரை நினைவில் வைத்திருப்பதும் அப்படித்தான்.

1958இல் ஆந்த்ரே வாய்தா எடுத்த 'சாம்பலும் வைரமும்', ஐரோப்பாவில் இரண்டாம் உலகப் போர் முடிந்த 1945 மே 8ஆம் தேதியில் நடக்கும் கதை. அந்தக் காலத்து உடைகளை அணிய மறுத்து, தன் காலத்து இளைஞனாகவே வந்து நின்றார் சிபுல்ஸ்கி. வாய்தா விட்டுக்கொடுத்தது பெரிய காரியம். உடை பிழையாக இருக்கலாம். ஆனால் 1958இன் இளைஞர்கள் திரையில் தங்களையே பார்த்தார்கள். கண்ணாடிக்குப் படமே ஒரு காரணமும் சொல்கிறது: வார்சா எழுச்சியின்போது சாக்கடைச் சுரங்கங்களில் நெடுநேரம் நடந்ததில் சிபுல்ஸ்கி ஏற்ற மாச்செக் பாத்திரத்தின் கண் கெட்டுவிட்டதாம்.

கண் மறைந்ததும் மற்ற உறுப்புகள் பேசத் தொடங்குகின்றன. முதல் காட்சியில் மாச்செக் புல்வெளியில் சோம்பலாகப் படுத்திருக்கிறான். கொலைக்குக் காத்திருப்பவனின் விறைப்பு அந்த உடம்பில் இல்லை. மறு நிமிடம் சுடும்போதோ அளவுகடந்த வெறி. சோம்பலுக்கும் வெறிக்கும் நடுவே இன்னொரு நடிகர் ஒரு படி வைத்திருப்பார். சிபுல்ஸ்கி வைக்கவில்லை. போரிலேயே வளர்ந்தவனுக்கு அந்தப் படி இருந்திருக்காது என்று நமக்குப் புரிய வைப்பது அந்தத் தாவல்தான்.

மதுக்கூடக் காட்சியைப் பலரும் புகழ்ந்திருக்கிறார்கள். இறந்த தோழர்களின் பெயரைச் சொல்லச் சொல்ல, மதுக் கோப்பைகள் ஒவ்வொன்றாகச் சுடர் ஏந்துகின்றன. சுடரை எல்லோரும் பார்ப்பார்கள். எனக்கு அதைவிட முக்கியம், அஞ்சலியின் முடிவில் மாச்செக் சிரிக்கும் சிரிப்பு. உயிரோடு மிஞ்சியவனின் வெட்கம் அதில் இருக்கிறது, இன்னும் வாழ வேண்டும் என்ற ஆசையும் இருக்கிறது. இரண்டையும் ஒரே மூச்சில் சிரிப்பது எளிதல்ல.

பிறகு, மாச்செக்கின் இலக்கான ஷ்சூகாவின் கொலை. குண்டு பாய்ந்த முதியவர் பின்னால் சாயாமல், முன்னால் வந்து கொலைகாரனின் மார்பிலேயே விழுகிறார். தாங்கிக்கொள்கின்றன மாச்செக்கின் கைகள். வானில் வெற்றி வாணவேடிக்கை. தந்தையைத் தாங்கும் மகன்போல் நிற்கிறான். தள்ளவும் முடியவில்லை, பிடிக்கவும் முடியவில்லை. கடைசியில் குண்டடிபட்டு, காயப்போட்ட வெள்ளை விரிப்புகளுக்குள் ஒளிகிறான். துணியில் ரத்தம் ஊறுகிறது. குப்பைமேட்டில் சுருண்டு, காலை உதைத்து, முனகிச் சாகிறான். வீரமரணத்துக்குரிய மிடுக்கைத் துளியும் அனுமதிக்காததே சிபுல்ஸ்கியின் நேர்மை.

இந்த ஒரு படத்தோடு அவரை நிறுத்திவிடுவது அநியாயம். 1963இல் வொய்ச்செக் ஹாஸ் இயக்கிய 'நேசிக்கப்படுவது எப்படி' படத்தில், ஜெர்மானியர் தேடும் நடிகனாக ஒரு பெண்ணின் வீட்டில் பதுங்கியிருக்கிறார். மாச்செக்கின் மறுபக்கம் இது: வீரம் செய்ய வாய்ப்பின்றி, வீரன் என்ற பெயருக்கு ஏங்கிச் சிறுத்துப்போகும் மனிதன். தனக்குப் புகழ் தந்த உருவத்தைத் தானே கலைக்க எத்தனை நடிகர்கள் துணிவார்கள்?

1965இல் ததேயுஷ் கொன்விட்ஸ்கியின் 'சால்டோ'வில் ஓடும் ரயிலிலிருந்து குதித்துக் கதைக்குள் வருகிறார். 1967 ஜனவரி 8 அன்று, வ்ரோத்ஸ்வாஃப் நிலையத்தில் புறப்பட்டுவிட்ட ரயிலில் தாவி ஏற முயன்றபோது விழுந்து இறந்தார்; வயது 39. இதை விதியின் முன்னறிவிப்பு என்று எழுதுபவர்கள் உண்டு. எனக்கு அதில் உடன்பாடில்லை. அந்த ஒற்றுமையிலேயே கண்வைத்தால் படத்தில் இருக்கும் செல்வத்தை இழந்துவிடுவோம்: வொய்ச்செக் கிலாரின் இசைக்கு ஊராரை அவர் ஆட வைக்கும் நடனம். வந்தவன் தீர்க்கதரிசியா, புளுகனா என்று ஊருக்குத் தெரியாது. அவனுக்கே தெரியுமா என்பது சந்தேகம். ஆனால் அவன் அடியெடுத்து வைத்ததும் ஊர் அதே அடியை வைக்கிறது. பேச்சை நம்பாதவர்கள்கூட அந்த உடம்பை நம்பிவிடுகிறார்கள்.