சம்பளம் வாங்காத அதிகாரம்

பதினெட்டாம் நூற்றாண்டு இங்கிலாந்தில் சட்டம் இயற்றியது லண்டன். அது ஊருக்குள் எப்படி நடக்கும் என்பதைத் தீர்மானித்தவர்கள் அந்தந்தக் கவுண்டியின் (மாவட்டம் போன்ற நிர்வாகப் பகுதியின்) பட்டம் பெற்ற நிலக்கிழார்களும் அவர்களுடைய உறவுவட்டமும். 1361ஆம் ஆண்டுச் சட்டத்திலிருந்து வளர்ந்த மாஜிஸ்திரேட் பதவி அவர்கள் கையில் இருந்தது. ஆண்டுக்கு 100 பவுண்டு வருமானம் தரும் நிலம் இருந்தால்தான் அந்தப் பதவி, சம்பளம் கிடையாது. ஆண்டுக்கு நான்கு முறை கூடும் காலாண்டு அமர்வில் இவர்களே குற்றங்களை விசாரித்தார்கள், பாலங்களைப் பராமரித்தார்கள், சிறைகளை மேற்பார்த்தார்கள், அதற்கெல்லாம் வரியும் விதித்தார்கள். வரி கட்டியவர்களுக்கு இவர்களைத் தேர்ந்தெடுக்கும் உரிமை இல்லை. 1888 வரை நீடித்த இந்த ஏற்பாட்டைத் தன்னலமற்ற தொண்டு என்று மெச்சுவோர் உண்டு, அப்பட்டமான வர்க்க ஆட்சி என்று ஏசுவோரும் உண்டு. அதில் விளைந்த நன்மைகள் சில தனிமனிதர்களால் விளைந்தவை, தீமைகளோ அமைப்பிலேயே ஊறியிருந்தவை என்பதே என் வாதம்.

நன்மைக்குச் சிறந்த சாட்சி குளோஸ்டர்ஷயரின் சர் ஜார்ஜ் ஒனெசிஃபோரஸ் பால். துணி உற்பத்தியில் செல்வம் சேர்த்த குடும்பத்தில் வந்த, பாரனெட் என்ற பரம்பரைப் பட்டம் கொண்டவர் அவர். 1780இல் அந்தக் கவுண்டியின் ஷெரிஃப். அக்காலச் சிறைகளின் நிலையைச் சிறைச் சீர்திருத்தவாதி ஜான் ஹோவர்ட் 1777இல் நூலாகவே வெளியிட்டிருந்தார்: காற்றோட்டமில்லாத அறைகள், கைதிகளிடம் கட்டணம் பிடுங்கிப் பிழைக்கும் காவலர்கள், தண்டனைக்கு முன்பே ஆளைக் கொல்லும் சிறைக்காய்ச்சல். படித்துவிட்டு வருந்தியதோடு பால் நிற்கவில்லை. சக மாஜிஸ்திரேட்டுகளை வற்புறுத்தி, 1785இல் கவுண்டிக்கென்று தனிச் சட்டமே வாங்கினார். குளோஸ்டரில் புதிய சிறையும் நார்த்லீச், லிட்டில்டீன் முதலிய ஊர்களில் சீர்திருத்தச் சிறைகளும் எழுந்தன. தனித்தனி அறை, காற்றோட்டம், மருத்துவர், எழுதிவைத்த விதிகள் என ஒழுங்கு வந்தது. வாக்கு கேட்டு நிற்க வேண்டிய ஒருவர் கைதிகளுக்காக வரிப்பணத்தைச் செலவிடத் தயங்கியிருப்பார். பாலுக்கு அந்தத் தயக்கம் தேவைப்படவில்லை. பதவிப் பாதுகாப்பு, செல்வாக்கு, ஓய்வுநேரம் மூன்றும் ஒருவரிடம் சேர்ந்ததால் நடந்த காரியம் இது.

ஆனால் அதே பாதுகாப்பு, எதுவும் செய்யாமல் இருந்தவருக்கும் இருந்தது. மனநோயாளிகளுக்குத் தனி மருத்துவமனை வேண்டும் என்று பால் 1806இல் உள்துறைச் செயலருக்கு எழுதினார். அந்த முயற்சியின் பயனாக 1808இல் சட்டமும் வந்தது. அதுவோ கட்டலாம் என்றது, கட்ட வேண்டும் என்று சொல்லவில்லை. முடிவு மாஜிஸ்திரேட்டுகளின் விருப்பத்துக்கு விடப்பட்டதால் பெரும்பாலான கவுண்டிகள் சும்மா இருந்தன. 1845இல் கட்டாயமாக்கிய பிறகே நிலைமை மாறியது. பால் போன்ற ஒருவர் வாய்க்காத கவுண்டியில் பிறந்தது அந்த நோயாளியின் தலைவிதி.

இதைவிடப் பெரிய குறை, தன் வழக்குக்குத் தானே நீதிபதியாவது. 1831 வரை வேட்டையாடும் உரிமை அநேகமாக நிலச்சொத்து உள்ளவர்களுக்கே உரியது. பயிரைத் தின்னும் முயலைக் கொல்லக்கூடக் குத்தகை விவசாயிக்கு உரிமையில்லை. 1816ஆம் ஆண்டுச் சட்டப்படி, இரவில் வலையோடு பிடிபட்டவரை ஏழாண்டு நாடு கடத்தலாம். அவரை விசாரித்தவர்களோ வேட்டைப் பறவைகளை வளர்த்த அதே வர்க்கத்தினர். பிரபுக்களோடு அந்த இருக்கைகளில் பாதிரியார்களும் அமர்ந்தார்கள், பார்வை மாறவில்லை. 1873இல் ஆஸ்காட் கிராமத்தில் விவசாயத் தொழிலாளர் வேலைநிறுத்தத்தின்போது, மாற்றாட்களைத் தடுத்தார்கள் என்று 16 பெண்களைச் சிப்பிங் நார்ட்டனில் இரண்டு பாதிரி மாஜிஸ்திரேட்டுகள் கடுங்காவலுக்கு அனுப்பினார்கள். சிலர் கைக்குழந்தையோடு சிறை சென்றார்கள். ஊரே கொதித்தது.

சம்பளம் வாங்காததால் இவர்கள் லஞ்சத்துக்கு விலைபோகவில்லை என்பது ஆதரவாளர்களின் முதல் வாதம். இதில் உண்மை உண்டு. நிலக்கிழார்கள் முன்வராத மிடில்செக்ஸில், கட்டணத்துக்காக வழக்குகளைப் பெருக்கிய மாஜிஸ்திரேட்டுகள் பேர்போனவர்கள். ஆனால் அங்கே 1792இல் கண்ட மருந்து பிரபுக்களைத் தேடிப் பிடிப்பதல்ல. சம்பளம் வாங்கும் மாஜிஸ்திரேட்டுகளை நியமிப்பது. பணம் வாங்காதவருக்கும் சொந்த நலன் இருக்கும். அது வேட்டைக்காடாகவும் மலிந்த கூலியாகவும் இருந்தது.

தேர்தல் வந்த பிறகும் அதே ஆட்கள்தானே வந்தார்கள் என்பது இரண்டாவது வாதம். சாலிஸ்பரி பிரபுவின் கன்சர்வேடிவ் அரசே 1888இல் கவுண்டி கவுன்சில்களை உருவாக்கியது. அடுத்த ஆண்டுத் தேர்தலில் நிலக்கிழார்கள் பலர் வென்றதும் உண்மை. லண்டன் கவுன்சிலின் முதல் தலைவரே ரோஸ்பரி பிரபு. இந்த வாதம் உண்மையில் சீர்திருத்தத்துக்கே வலுச் சேர்க்கிறது. திறமையுள்ள பிரபுவுக்குக் கதவு அடைக்கப்படவில்லை. மூன்றாண்டுக்கு ஒருமுறை மக்கள் முன் நிற்க வேண்டும் என்பதே புதிய நிபந்தனை. மாஜிஸ்திரேட் பதவிக்கான சொத்துத் தகுதியும் 1906இல் ஒழிந்தது.

பாலின் சிறைகளுக்கு உரிய பாராட்டு பாலுக்கே சேர வேண்டும், அவரை நியமித்த முறைக்கு அல்ல. நல்லவர் வந்தால் நன்மை, இல்லையேல் யாரும் கேட்க முடியாது என்ற ஆட்சிமுறையை, அது எவ்வளவு மலிவாகக் கிடைத்தாலும், நல்லாட்சி என்று ஏற்க முடியாது.