ஆவணச் சுருளும் அதன் சாட்சியமும்

பழைய படச்சுருள்களைக் கொண்டு புதிய படம் தொகுப்போர் அவற்றை ஐயமின்றி ஏற்கும் இயல்பினர். ஏட்டுச் சுவடியைப் பாடபேதம் நோக்கி ஆராயும் அறிஞர் தாமும் அசையும் படத்தின்முன் வாளா இருந்துவிடுகின்றனர். கண்ணாற் கண்டதற்கு வேறு சான்று எதற்கு என்பது அவர் கருத்துப் போலும். இஸ்ரவேல் நாட்டு இயக்குநர் யாயெல் ஹெர்சொன்ஸ்கி அம்மையார் 2010ஆம் ஆண்டில் வெளியிட்ட ‘முற்றுப்பெறாத திரைப்படம்’ இக்கருத்தை அசைத்துவிடுகின்றது.

1942ஆம் ஆண்டு மே மாதத்தில், வார்சோ நகரிலே மதில் எழுப்பி யூதரை அடைத்துவைத்திருந்த பகுதியுள் நாஸிப் படப்பிடிப்பாளர் புகுந்து ஏறத்தாழ ஒரு மாதம் படமெடுத்தனர். ஏறக்குறைய ஒரு மணி நேரம் ஓடும் ஒலியற்ற அச்சுருள்கள் போரின்பின் கிழக்கு ஜேர்மனியின் காப்பகத்திற் கிடைத்தன. செல்வர் விருந்துண்கின்றனர், வெளியே தெருவோரத்திற் பிணங்கள் கிடக்கின்றன, கடந்து செல்வோர் திரும்பியும் பாரார். வரலாற்றுப் படம் எடுத்தோர் பலர் இவற்றை மெய்யென்றே எடுத்தாண்டனர். 1998இல் ஒதுக்கப்பட்ட பகுதிகள் அடங்கிய சுருளொன்று வெளிப்பட்டது. அதிலே ஒரே காட்சி மீண்டும் மீண்டும் நடிப்பிக்கப்படுகின்றது. படப்பிடிப்பாளனே சில இடங்களிற் சட்டகத்துள் வந்து நிற்கின்றான். விருந்து கட்டளையால் நிகழ்ந்தது.

அவ்வாறாயின் அச்சுருளைப் பொய்யெனத் தள்ளிவிடலாமோ? தள்ளலாகாது. விருந்து நடிப்பே, பட்டினி நடிப்பன்று. இடைச்செருகல் உண்டென்பதற்காக நூல் முழுவதையும் எவரும் எரிப்பதில்லை. அம்மையார் செய்வதும் அத்தகைய பதிப்புப் பணியே. யூதர் மன்றத் தலைவர் ஆடம் செர்னியாக்கோவ் எழுதிய நாட்குறிப்பைக் காட்சியோடு ஒப்பிடுகின்றார். நாடுகடத்தல் தொடங்கிய மறுநாள், 1942 யூலை 23இல், உயிர் துறந்தவர் அவர். அவருடைய இல்லத்திற் கூட்டம் நடப்பதாகக் காட்டப்படுவதும் ஏற்பாடே என அக்குறிப்பால் விளங்குகின்றது.

படத்தின் தலையாய பகுதி பிறிதொன்று. அங்கே சிறுவயதில் வாழ்ந்து உயிர்தப்பியோர் இருண்ட மண்டபத்திலே தனித்தனியே அமர்ந்து இச்சுருள்களைப் பார்க்கின்றனர். நாம் திரையைக் காண்பதோடு அவர் முகத்தையும் காண்கின்றோம். தெருவிற் செல்வோரிடையே தமக்குரியவர் தென்படுவாரோ என்ற தேட்டமும் அச்சமும் அம்முகங்களில் மாறிமாறித் தோன்றுகின்றன. ஒருவர் கண்களை மூடிக்கொள்கின்றார். விளக்கவுரை எதுவும் இதற்கு ஈடாகாது.

குறையும் ஒன்றுண்டு. படப்பிடிப்பாளருள் ஒருவனாகிய வில்லி விஸ்ட் என்பான் போரின்பின் அளித்த வாக்குமூலத்தை நடிகர் ஒருவர் நடித்துக் காட்டுகின்றார். சொற்கள் அவனுடையனவே, முகமோ இரவல். அமைத்துக் காட்டிய காட்சியை அம்பலப்படுத்த வந்த படம் தானும் ஒரு காட்சியை அமைத்தல் பொருந்துமோ? அவ்வாக்குமூலத்தைப் படித்துக் காட்டுதலே போதியதாயிருந்திருக்கும்.