தாபரிப்புச் சட்டமும் தோட்டத்துப் பெண்ணும்

சட்டம் யாவர்க்கும் பொது என்பர். அப்பொதுச் சட்டத்தின் ஒரு சொல், தேயிலைத் தோட்டத்து லயத்துக்கு வந்து சேரும்போது என்ன பொருளைப் பெறுகிறது என்று ஆராய்வது நமது கடமையாகும். கணவனாற் கைவிடப்பட்ட பெண், ஹற்றனிலோ நுவரெலியாவிலோ நீதவான் நீதிமன்றத்தில் தொடுக்கும் தாபரிப்பு வழக்கை இதற்கு எடுத்துக்கொள்வோம்.

1889ஆம் ஆண்டின் தாபரிப்புக் கட்டளைச் சட்டம் மனைவியின் உரிமைக்கு ஒரு நிபந்தனை விதித்தது. தன்னோடு வந்து வாழ்ந்தால் தாபரிப்பதாகக் கணவன் கூறிவிட்டால், மறுப்பதற்கான காரணத்தை அவள் மன்றில் உரைத்தல் வேண்டும். அவன் பிறளொருத்தியோடு வாழ்கிறான் என்றோ, வழக்கமாகக் கொடுமை செய்பவன் என்றோ நீதவான் திருப்திப்பட்டால் மட்டுமே அவ்வழைப்பையும் மீறிக் கட்டளையிடலாம். ஓர் அறையும் இஸ்தோப்புமே வீடாகிய லயக்காம்பிராவுக்கு மீளச் செல் என்பது, அடித்தவனின் கைக்கெட்டும் தூரத்துக்கு மீளச் செல் என்பதேயாகும்.

1999ஆம் ஆண்டின் 37ஆம் இலக்கத் தாபரிப்புச் சட்டம் அந்த வாசகத்தைக் கைவிட்டது; உரிமையைக் கணவன், மனைவி இருவர்க்கும் பொதுவாக்கியது. இது முன்னேற்றமே. எனினும், பழைய சட்டம் மனைவிக்கு விதிக்காத ஒரு நிபந்தனை புதிதாக நுழைந்தது. தாபரிப்புக் கோரும் துணை, தம்மைத் தாமே தாபரிக்க இயலாதவராய் இருத்தல் வேண்டும் என்பதே அது. கொழுந்து பறிக்கும் பெண்ணைச் சுட்டி, 'இவளுக்குத்தான் பேர் விழுகிறதே!' என்று கணவன் தரப்பு வாதிட இச்சொல் வாய்ப்பளிக்கிறது.

அந்தப் பேரின் பெறுமதி யாது? ஆணுக்கு நிகரான நாட்சம்பளம் தோட்டப் பெண்ணுக்குக் கிட்டியதே 1984இல்தான். 2021இல் நாட்சம்பளம் 1000 ரூபாவாக நிர்ணயிக்கப்பட்ட பின்னரும், குறித்த அளவு கொழுந்து எடுக்காதவளுக்கு அரைப்பேர் என்னும் கணக்கு ஒழிந்துவிடவில்லை. மேலும், மனைவியின் சம்பளத்தையும் கணவனே பெற்றுவரும் வழக்கம் தோட்டங்களில் நெடுங்காலம் நிலவியது. செக்ரோலில் அவள் பெயருக்கு நேரே எழுதப்பட்ட தொகை யாவும் அவள் கைக்கு வந்த தொகை எனக் கொள்வதற்கில்லை. வேலை செய்கிறாள் என்பதற்கும் வாழ முடிகிறது என்பதற்கும் இடையிலுள்ள தூரத்தை நீதிமன்றம் அளந்தறிதல் வேண்டும்.

அவ்வாறு அளப்பதற்குச் சட்டத்திலேயே இடமுண்டு. கணவனின் வருமானத்தையும் மனைவியின் வசதி, சூழ்நிலை ஆகியவற்றையும் நோக்கித் தொகையை நிர்ணயிக்குமாறு அதே பிரிவு கூறுகிறது. பிள்ளையின் தாபரிப்பு தனியானதோர் உரிமை. தாய்க்கு மறுக்கப்பட்டதால் அது இல்லாதொழியாது. கட்டளை பிழையெனக் கருதுவோர் மாகாண மேல் நீதிமன்றில் மேன்முறையீடு செய்யலாம். கணவன் மேன்முறையீடு செய்தான் என்பதனால் மட்டும் கட்டளை நின்றுவிடாது. நிறுத்துவதாயின் மேல் நீதிமன்றம் அதற்கான காரணத்தைப் பதிவு செய்தல் வேண்டும்.

ஆயின், உரிமை ஏட்டில் இருந்தாற் போதுமா? வழக்குரை காதையைப் போற்றும் நாம் ஒன்றை மறந்துவிடுகிறோம். கண்ணகியின் சான்று மன்றிலேயே அவள் முன் வைக்கப்பட்டது. சிலம்பை உடைத்து மாணிக்கப் பரலைக் காட்ட அவளால் முடிந்தது. தோட்டப் பெண்ணின் சான்றாகிய செக்ரோலோ தோட்டத்து அலுவலகத்தில் இருக்கிறது. ஒவ்வொரு தவணைக்கும் ஒரு நாட்பேரை இழந்து மலையிறங்குபவள், வெறுங்கையோடு மன்றேறுகிறாள்.

சம்பளத்துக்காகப் போராடும் தொழிற்சங்கங்கள் இதனைக் குடும்பச் சண்டை என்று ஒதுக்குதல் தகாது. இருவரது சம்பளச் சீட்டுகளையும் பெற்றுக்கொடுத்து, சட்டத்தரணியை அமர்த்தி, தவணை நாளில் அவளுக்குத் துணைநிற்பதும் சங்கப் பணியே. அவளும் சந்தாக் கட்டும் தொழிலாளி அல்லவா?