எடுத்து முடிக்கப்படாத படமும் திறனாய்வும்: கமல்ஹாசனின் 'மருதநாயகம்'

முன்னுரை

ஓர் இயக்குநரின் ஆளுமையை மதிப்பிடுவோர், அவர் எடுத்து முடித்து வெளியிட்ட படங்களையே சான்றாகக் கொள்வது வழக்கம். கைவிடப்பட்ட முயற்சிகள் வாழ்க்கை வரலாற்றின் ஓரத்தில் ஒரு செய்தியாக நின்றுவிடுகின்றன. இலக்கியத்தில் நிலைமை இத்தகையதன்று. முற்றுப்பெறாத காப்பியமும் கையெழுத்துப் படியாக எஞ்சும், பதிப்பிக்கப்படும், ஆராயப்படும். திரைப்படமோ முதலீட்டையும் பலர் உழைப்பையும் சார்ந்த கலை. அது இடையில் நின்றுவிட்டால் அதன் சான்றுகள் பல இடங்களில் சிதறிப் போகின்றன. எஞ்சுவது பெரும்பாலும் புகழுரையும் ஏக்கமுமே.

தமிழ்த் திரையுலகில் அவ்வாறு நின்றுபோன படங்களுள் அதிகம் பேசப்பட்டது கமல்ஹாசனின் 'மருதநாயகம்'. அப்படத்தைக் குறித்துத் திறனாய்வு எதைக் கூற இயலும், எதைக் கூற இயலாது என்பதை வரையறுப்பது இக்கட்டுரையின் நோக்கம். வெளிவந்திருந்தால் அது மாபெரும் படைப்பாக இருந்திருக்கும் என்ற கூற்றுக்குச் சான்று இல்லை. ஆயினும் அப்படம் எடுத்துக்கொண்ட வரலாற்றுச் சிக்கல் எத்தகையது என்பதையும், அதே இயக்குநர் பின்னர் எடுத்த படங்கள் அத்தகைய சிக்கலை எவ்வாறு எதிர்கொண்டன என்பதையும் ஆராய முடியும்.

ஒருவர், மூன்று பெயர்கள்

படத்தின் நாயகர் பதினெட்டாம் நூற்றாண்டுத் தமிழகத்தின் விடை காணவியலாத ஆளுமைகளுள் ஒருவர். இராமநாதபுரம் சீமையின் பனையூரில் பிறந்து, இசுலாத்தைத் தழுவி, ஆங்கிலக் கிழக்கிந்தியக் கும்பினியின் சிப்பாய்ப் படைத் தளபதியாக உயர்ந்தவர். திருச்சிராப்பள்ளி முற்றுகையிலும், 1758-59இல் பிரெஞ்சுத் தளபதி லாலி சென்னைக் கோட்டையை முற்றுகையிட்டபோதும் கும்பினிக்குப் பெருந்துணை புரிந்தவர். பின்னர் மதுரையின் ஆட்சிப் பொறுப்பை ஏற்றுப் பாளையக்காரர்களை அடக்கினார். நெற்கட்டுஞ்செவல் பூலித்தேவரின் கோட்டைகள் 1761இல் வீழ்ந்தது இவரது படையெடுப்பினாலேயே. அதே தளபதி 1763இல் ஆர்க்காட்டு நவாபு முகமது அலியையும் கும்பினியையும் எதிர்த்து நின்றார். மதுரைக் கோட்டை முதல் முற்றுகையைத் தாங்கியது. இரண்டாம் முற்றுகையில் உடனிருந்தோரே அவரைக் காட்டிக்கொடுத்தனர். 1764 அக்டோபர் 15ஆம் நாள் மதுரைக்கு அருகே சம்மட்டிபுரத்தில் தூக்கிலிடப்பட்டார்.

இவருக்கு வழங்கும் பெயர்கள் மூன்று. கும்பினியின் ஆவணங்களும், அவற்றை ஆதாரமாகக் கொண்டு எஸ்.சி. ஹில் 1914இல் வெளியிட்ட ஆங்கில நூலும் இவரை யூசுப் கான் என்றே குறிக்கின்றன. ஹில் தம் நூலின் தலைப்பிலேயே இவரைக் கிளர்ச்சித் தளபதி என்கிறார். அப்பார்வையில் இவர் நம்பிக்கைக்குரிய ஊழியராயிருந்து எசமானரை எதிர்த்தவர். நாட்டார் மரபு இவரைக் கான்சாகிபு என அழைக்கும். நா. வானமாமலை பதிப்பித்து 1972இல் மதுரைப் பல்கலைக்கழகம் வெளியிட்ட 'கான்சாகிபு சண்டை' என்னும் கதைப்பாடல் அம்மரபின் முதன்மையான சான்று. மதுரையின் கான்சாமேட்டுத் தெருவும் அப்பெயரையே தாங்கி நிற்கிறது. மூன்றாவது பெயர், இவருடைய இயற்பெயராகக் கூறப்படும் மருதநாயகம்.

திரைப்படம் மூன்றாவது பெயரைத் தலைப்பாகக் கொண்டது. இத்தேர்வு பொருளற்றதன்று. ஆவணத்தின் பெயரையும் மக்கள் வழக்கின் பெயரையும் விலக்கி, மதம் மாறுவதற்கும் படைப்பணி ஏற்பதற்கும் முந்திய பெயரை முன்னிறுத்துவது, அவரை மண்ணின் மைந்தராகக் காட்டும் ஒரு விளக்கமாகும். அவ்விளக்கம் எந்த அளவுக்கு வரலாற்றோடு பொருந்தும் என்ற வினா உடனே எழுகிறது. பூலித்தேவரை வென்றவரும் கும்பினியை எதிர்த்தவரும் ஒருவரே. முதல் செயலை மறைத்தால் இரண்டாம் செயல் எளிய வீரக்கதையாகும். இரண்டையும் ஒருங்கே வைத்தாலன்றி அவருடைய வீழ்ச்சியின் துயரம் விளங்காது. 'மருதநாயகம்' எதிர்கொண்ட மையச் சிக்கல் இதுவே.

தொடங்கியதும் நின்றதும்

1997 அக்டோபர் 16ஆம் நாள் சென்னை எம்.ஜி.ஆர். திரைப்பட நகரில் படத்தின் தொடக்க விழா நடைபெற்றது. பிரித்தானிய அரசி இரண்டாம் எலிசபெத் விழாவுக்கு வருகை தந்தார், முதலமைச்சர் மு. கருணாநிதியும் உடனிருந்தார். யூசுப் கான் தூக்கிலிடப்பட்ட நாளிலிருந்து கணக்கிட்டால், 233 ஆண்டுகளும் ஒரு நாளும் கழிந்திருந்தன. கும்பினியின் ஆட்சிக்கு வாரிசான அரச மரபின் தலைவி, அக்கும்பினியை எதிர்த்தவனைப் பற்றிய படத்தைத் தொடங்கிவைக்க வந்தது கவனத்துக்குரியது. காலனிய எதிர்ப்பைப் பேசும் தமிழ்ப்படம் தன் மதிப்பை உலகுக்கு அறிவிக்க அதே அரச மரபின் முன்னிலையை நாடியது. இம்முரண் படத்தின் பொருளாதாரத்திலும் இருந்தது. அதன் அளவு அன்றைய தமிழ்ச் சந்தையின் வரம்பைக் கடந்தது. ஆகவே வெளிநாட்டு முதலீட்டை எதிர்பார்த்தது. அம்முதலீடு கைகூடாத நிலையில், சில காட்சிகள் படமாக்கப்பட்டபின் பணி நின்றது.

எழுத்தாளர் சுஜாதாவின் பங்களிப்போடு உருவான திரைக்கதையும், இளையராஜா இசையமைத்த பாடலும், முன்னோட்டமாகக் காட்டப்பட்ட சில காட்சிகளும் இம்முயற்சியின் எச்சங்கள். கமல்ஹாசன் இயக்கிய முதற்படமான இந்தி மொழி 'சாச்சி 420' அதே ஆண்டின் இறுதியில்தான் வெளிவந்தது என்பதையும் இங்கே கருத வேண்டும். அதாவது, இயக்குநராக அவர் தம்மை நிலைநிறுத்திக்கொள்வதற்கு முன்னரே மேற்கொள்ளப்பட்ட முயற்சி இது. நன்கு அறியப்பட்ட ஓர் இயக்குநரின் கைவிடப்பட்ட படமாக இன்று அதைக் காண்பது பின்னாளைய புகழை முன்னோக்கி ஏற்றிப் பார்ப்பதாகும்.

கமல்ஹாசனின் நின்றுபோன முயற்சிகளுள் இது மட்டும் தனித்து நிற்கவில்லை. 2008இல் அறிவிக்கப்பட்ட 'மர்மயோகி' தொடரவில்லை. 2016இல் தொடங்கிய 'சபாஷ் நாயுடு' அவர் காலில் ஏற்பட்ட காயத்துக்குப் பின் தடைப்பட்டது. இவற்றை இணைத்துப் பார்க்கும்போது ஒரு பொதுத்தன்மை புலப்படுகிறது. நாயகர், இயக்குநர், பெரும்பாலும் தயாரிப்பாளர் ஆகிய மூன்று பொறுப்புகளும் ஒருவரிடமே குவிந்துள்ளன. இக்குவிப்பு அவர் படங்களுக்குத் தனித்தன்மையை அளித்தது. அதுவே அவற்றின் பலவீனமும் ஆயிற்று. முதலீடு தடைப்பட்டாலும், உடல் தளர்ந்தாலும், முழுப்படமும் நின்றுவிடும். பொறுப்பை வேறொருவர் ஏற்றுத் தொடர வழியில்லை.

பின்வந்த இரு படங்கள் தரும் சான்று

'மருதநாயகம்' எடுத்துக்கொண்ட சிக்கலைக் கமல்ஹாசன் எவ்வாறு கையாண்டிருப்பார் என்பதை ஊகிக்க வேண்டியதில்லை. அதை ஒத்த சிக்கலைக் கொண்ட இரு படங்கள் உள்ளன. அவை 'மருதநாயக'த்திலிருந்து நேரடியாகப் பிறந்தன என்பது இக்கட்டுரையின் வாதமன்று; அடுத்தடுத்து வந்த படைப்புகளை ஒப்புநோக்குவதே இங்குச் செய்யப்படுவது.

முதலாவது, 2000ஆம் ஆண்டில் வெளிவந்த 'ஹே ராம்'. அதன் நாயகன் சாகேத் ராம் தொல்லியலாளன். கல்கத்தாக் கலவரத்தில் மனைவியை இழந்து, பழிவாங்கும் வெறியில் கொலை புரிந்து, காந்தியைக் கொல்லும் திட்டத்துக்கு உடன்படுகிறான். பின்னர் தில்லியில் நண்பன் அம்ஜத்தின் இறப்பு அவனைத் திருப்புகிறது. எதிர் நிலைகளில் மாறி மாறி நிற்கும் ஒருவனை மையத்தில் நிறுத்தி, அவன் செய்த தீமையை மறைக்காமல், பார்வையாளரை அவனோடு பயணிக்கச் செய்வது எளிதன்று. 'ஹே ராம்' அதைச் செய்தது. காந்தியின் முன் தன் குற்றத்தை ஒப்புக்கொள்ள வருபவனுக்கு அதற்கான நேரம் கிட்டுவதில்லை என்பதில் அப்படத்தின் நேர்மை வெளிப்படுகிறது. யூசுப் கானைப் போன்ற இருநிலை மாந்தரைக் கையாளும் ஆற்றல் இயக்குநரிடம் இருந்தது என்பதற்கு இது தக்க சான்று.

இரண்டாவது, 2004இல் வந்த 'விருமாண்டி'. மதுரை வட்டாரத்தைக் களமாகக் கொண்டு மரண தண்டனையைப் பொருளாக எடுத்த இப்படம், ஒரே நிகழ்ச்சித் தொடரைச் சிறையிலுள்ள இருவர் வாய்மொழியாகக் கூறச் செய்கிறது. முதலில் கொத்தாளத் தேவர் கூறுகிறார். பின்னர் விருமாண்டி கூறுகிறான். ஆவணமும் கதைப்பாடலும் வெவ்வேறு விதமாகச் சொல்லும் ஒரு வரலாற்றுக்கு இதைவிடப் பொருத்தமான கதைகூறல் முறை இருக்க இயலாது. யூசுப் கானின் கதை கும்பினியின் வாக்குமூலமாகவும் மக்களின் வாக்குமூலமாகவும் இருமுறை சொல்லப்படத் தக்கது.

ஆனால் 'விருமாண்டி' ஓர் எச்சரிக்கையும் ஆகும். அதன் இரு கூற்றுகளும் சம மதிப்புடையனவாக நிற்பதில்லை. இரண்டாம் கூற்று வந்ததும் முதற்கூற்று பொய்யெனத் தள்ளப்படுகிறது. நாயகனின் சொல்லே உண்மையாக நிலைபெறுகிறது. ஐயம் நாயகனுக்குச் சாதகமாகத் தீர்க்கப்படுகிறது. நாயக நடிகரே இயக்குநராகவும் இருக்கும் முறையின் ஈர்ப்பு இங்கே தெரிகிறது. 'மருதநாயக'மும் இவ்வழியில் சென்றிருந்தால், பூலித்தேவரின் பக்கத்திலிருந்து எழும் வினா அப்படத்தில் இடம் பெற்றிருக்காது. ஆக, கிடைக்கும் சான்று இருபுறமும் பேசுகிறது. 'ஹே ராம்' நம்பிக்கையையும் 'விருமாண்டி' ஐயத்தையும் தருகின்றன. இவற்றுள் எது மேலோங்கியிருக்கும் என்பதைத் திரைக்கதை ஒன்றே காட்ட இயலும்.

'பொன்னியின் செல்வ'னோடு ஓர் ஒப்பீடு

நீண்ட காலம் எடுக்கப்படாமலிருந்து பின்னர் நிறைவேறிய படத்துக்குக் கல்கியின் 'பொன்னியின் செல்வன்' எடுத்துக்காட்டு. 1950களின் இறுதியில் எம்.ஜி.ஆர். அதைப் படமாக்க முனைந்தார்; பிற்காலத்தில் இயக்குநராகப் புகழ்பெற்ற மகேந்திரன் அவருக்காகத் திரைக்கதை எழுதினார். அம்முயற்சி கைவிடப்பட்டது. மணி ரத்னம் 2022, 2023 ஆண்டுகளில் அதை இரு பாகங்களாக வெளியிட்டார். புலம்பெயர்ந்த தமிழர் வாழும் நாடுகளிலும் அது பரவலாகத் திரையிடப்பட்டது. 1997இல் வெளிநாட்டு முதலீட்டாளரிடம் தேட நேர்ந்த ஆதரவின் ஒரு பகுதியை, இன்று உலகெங்கும் பரவிய தமிழ்ப் பார்வையாளரே தரக்கூடும் என்பதை இது உணர்த்துகிறது.

எனினும் இரண்டுக்கும் அடிப்படை வேறுபாடு உண்டு. 'பொன்னியின் செல்வன்' அச்சிட்ட நாவல். எந்த ஒரு நடிகரையும் இயக்குநரையும் சாராமல் மக்களிடையே அது வாழ்ந்தது. ஒருவர் கைவிட்டதை மற்றொருவர் எடுக்க முடிந்தது. 'மருதநாயகம்' அத்தகைய பொதுச் சொத்து ஆகவில்லை. அதன் பனுவல் படைப்பாளரிடமே தங்கியது. அதன் நாயகரும் அவரே. 1997இல் கமல்ஹாசன் 43 வயதை எட்டிக்கொண்டிருந்தார். யூசுப் கானோ ஏறத்தாழ 40 வயதில் மறைந்தவர். நடிகரின் வயது பாத்திரத்தின் வயதைக் கடந்து செல்லச் செல்ல, அப்படம் முதலில் எண்ணிய வடிவில் நிறைவேறும் வாய்ப்பும் அகன்றது.

புகழ் செய்யும் தீங்கு

வெளிவராத படம் குறையற்றது. அதன் வசனம் சலிப்பூட்டுவதில்லை, காட்சிகள் தோற்பதில்லை. ஆதலால் அதன் புகழ் ஆண்டுதோறும் வளர்கிறது. இவ்வளர்ச்சியால் திரைப்பட வரலாற்றுக்கு நேரும் தீங்கு சிறிது. பொது வரலாற்றுக்கு நேரும் தீங்கு பெரிது. யூசுப் கானின் பெயரையே இப்படத்தின் வாயிலாக முதன்முதல் அறிந்தவர் பலர். படம் அறிமுகப்படுத்திய பெயர் அவர்களிடம் சேர்ந்தது. படம் விவாதித்திருக்க வேண்டிய முரண்பாடு சேரவில்லை. முன்னோட்டத்தில் தோன்றும் குதிரை வீரரும் போர்க்களமும் ஓர் எளிய விடுதலை வீரரின் உருவத்தையே நிறுவின. முழுப்படம் வந்திருந்தால் அவ்வுருவத்தை ஏற்கவோ மறுக்கவோ இயன்றிருக்கும். படம் வராமையால் மறுப்பதற்கும் பொருளில்லாது போயிற்று.

இதற்கு மாற்று பிற மொழித் திரைப்பட ஆய்வில் உண்டு. ஸ்டான்லி கூப்ரிக் எடுக்காது விட்ட நெப்போலியன் பற்றிய படத்தின் திரைக்கதையும் ஆய்வுக் குறிப்புகளும் நூலாக வெளிவந்துள்ளன. சத்யஜித் ராய் 1967இல் எழுதி, ஆலிவுட் முயற்சியில் சிக்கி நின்றுபோன 'தி ஏலியன்' திரைக்கதையும் அது தொடர்பான கடிதங்களும் 2018இல் நூலாயின. இவ்வெளியீடுகளுக்குப் பின் அப்படங்களைப் பற்றிய பேச்சு, பனுவலைப் பற்றிய பேச்சாக மாறிற்று. எவை திட்டமிடப்பட்டன, எவை விடப்பட்டன, எங்கே தடை எழுந்தது என்பவற்றைச் சான்றோடு கூற முடிகிறது.

முடிவுரை

நின்றுபோன படம் தோல்வி அன்று, சாதனையும் அன்று. அது சான்றுகள் திரட்டப்பட வேண்டிய ஒரு வரலாற்று நிகழ்ச்சி. 'மருதநாயக'த்தைப் பொறுத்தவரை, அது எடுத்துக்கொண்ட பொருளின் கடினமும், அதை எதிர்கொள்ளும் ஆற்றல் இயக்குநரிடம் இருந்தமையும், அவ்வாற்றலைத் திசைமாற்றக்கூடிய நாயக மரபின் அழுத்தமும் இங்கே சுட்டிக்காட்டப்பட்டன. இவற்றுக்கு மேல் செல்ல வேண்டுமெனில் திரைக்கதை நூலாக வெளிவருதல் வேண்டும். எடுத்த காட்சிகள் ஓர் ஆவணக் காப்பகத்தில் பாதுகாக்கப்படுதல் வேண்டும். உலகத் தமிழாராய்ச்சி அரங்குகள் ஓலைச்சுவடிகளுக்கும் பழைய இதழ்களுக்கும் காட்டும் அக்கறையைத் திரைப்பட ஆவணங்களுக்கும் விரிவுபடுத்த வேண்டிய காலம் இது. கதைப்பாடலைப் பாடிய நாட்டுப்புறக் கலைஞர் கான்சாகிபுவின் கதையை இழக்காமல் காத்தனர். பதிப்பாசிரியர் அதை அச்சேற்றினார். அக்கதைக்குத் திரையுலகம் எழுதிய பனுவலுக்கும் அவ்வாறொரு பதிப்பு தேவை.