மேட்டாங்காட்டுப் புல்

நெல் நாற்று நடும் அழகைச் சிலாகித்துப் பேசியவர்கள் நம்மிடையே அநேகர் உண்டு. ஆனால் மேச்சேரிப் பக்கத்துச் செம்மண் மேட்டாங்காடுகளிலே, ஆடு மேய்ந்து மேய்ந்து சொட்டை விழுந்துபோன மேய்ச்சல் நிலத்துக்கு மறுபடியும் கொழுக்கட்டைப் புல்லை விதைத்து உயிர் கொடுக்கிற குடியானவனின் கைத்திறனை, அதுவும் ஒரு கலையென்று எண்ணி ரசித்தவர் வெகு சொற்பம்.

அந்த விதையை உள்ளங்கையில் வைத்துப் பார்த்தால்தான் காரியத்தின் சூட்சுமம் விளங்கும். சோளத்தைப் போலக் கனமும் வழவழப்பும் உடையதன்று அது. சுற்றிலும் மெல்லிய சுணை மண்டிய பஞ்சுத் துணுக்கு. வீசியெறிந்தால் விழுமிடத்தை விட்டுக் காற்றோடு போய் வேலியோரத்தில் ஒதுங்கிவிடும். ஆகையால், சென்ற வருஷத்துக் கதிரில் உருவி, ஆறேழு மாதம் உறங்கவைத்த விதையை (புது விதை சரியாக முளைக்காது) ஈரமண்ணில் பிசறி, அந்த மண்ணின் பாரத்தையே விதைக்குப் பாரமாக்கி, புரட்டாசி மழையில் நிலம் பதப்பட்டிருக்கும் காலை வேளையில், பழைய தூர்களை மிதிக்காமல் அவற்றின் இடைவெளிகளில் மட்டும் அவன் தூவிச் செல்லும் லாவகம் இருக்கிறதே, அதைப் பார்த்துக்கொண்டே நிற்கலாம். ஏக்கருக்கு 3 கிலோ போதும். ஆழப் புதைந்தால் முளை மேலே வராது என்பதால், கலப்பையைத் தொடாமல், ஒரு முள் கிளையை மட்டும் மேலாக இழுத்துவிடுகிறான். ஊடே முயல் மசால் என்னும் தீவனச் செடியின் விதையையும் கலந்து விதைப்பவர்கள் உண்டு. அதன் வேர் மண்ணுக்குத் தழைச்சத்து சேர்க்கும்.

இத்தனை பாடும் எதற்கென்றால், விதைக்காமல் விட்ட காட்டில் நல்ல புல்லை ஆடு முதலில் தின்றுவிடுகிறது. தின்ன ஒவ்வாத ஊசிப்புல் மிஞ்சி, விதைத்துப் பெருகிக் காட்டையே பிடித்துக்கொள்கிறது. அதன் கூரிய விதை ஆட்டின் தோலைத் துளைத்துக்கொண்டு உள்ளே இறங்கும். தோலின் தரத்துக்கே பெயர்பெற்றது மேச்சேரிச் செம்மறி; அதன் பொருட்டு 1978-இல் பொட்டனேரியில் ஓர் ஆராய்ச்சி நிலையமே ஏற்பட்டது. அப்பேர்ப்பட்ட ஆடு மேயும் பூமியில் புல்லின் ஜாதியைக் காப்பது அதன் தோலையும் காப்பதாகும்.

விதைப்பைக் காட்டிலும் அரியதாக எனக்குத் தோன்றுவது, அதன் பின் அந்தக் குடியானவன் காக்கிற பொறுமை. பட்டியில் ஆடுகள் கத்திக்கொண்டிருக்க, கண்ணெதிரே முழங்காலளவு பசுமை அசைந்துகொண்டிருக்க, கதிர் முற்றித் தானே உதிர்ந்து அடுத்த தலைமுறைக்கு விதை விழுகிறமட்டும் அவன் படலைத் திறப்பதில்லை. புரட்டாசியில் விதைத்த காட்டுக்குள் ஆடுகள் நுழைவது தை மாதத்தில்தான்.