குரலே வாத்தியமாக

1943 டிசம்பர் 27. சுமத்ராவின் பாலெம்பாங்கில், ஜப்பானியரின் சிறைமுகாமில் சுமார் முப்பது பெண்கள் உட்கார்ந்தபடியே பாடினார்கள். பசியில் மெலிந்தவர்களுக்கு நிற்கத் தெம்பில்லை. பாடியது பாட்டுகூட இல்லை. இசையமைப்பாளர் த்வோர்ஷாக் வாத்தியங்களுக்கென எழுதிய 'புதிய உலகம்' சிம்ஃபனியின் லார்கோ பகுதி.

அதைக் குரல்களுக்கு மாற்றியவர்கள் இருவர். மதப்பணியாளர் மார்கரெட் டிரைபர்க், வயலின் படித்த நோரா சேம்பர்ஸ். நினைவிலிருந்தே இசைக்குறிப்பை எழுதி, நான்கு பெண்குரல்களுக்குப் பிரித்தார்கள். ஆண்குரல் கிடையாது, ஆர்கெஸ்ட்ராவின் அடித்தளச் சுரங்களையெல்லாம் தாழ்ந்த பெண்குரலின் எல்லைக்குள் ஏற்றியாக வேண்டும். எவ்வளவு நுட்பமான வேலை! சொற்களே வேண்டாம் என்று முடிவுசெய்ததுதான் எனக்கு மிகப் பிடித்தது. ஆங்கிலேயர், டச்சுக்காரர், ஆஸ்திரேலிய நர்ஸ்கள் எல்லாரும் வெறும் உயிரொலிகளாலும் முனகலாலும் ஒன்றுசேர முடிந்தது.

அதே பெண்கள்தான் தினமும் எண்ணிக்கைக்கு வரிசையில் நின்று, இடுப்பை வளைத்து வணங்கவேண்டியிருந்தது. சரியாக வளையாதவருக்கு அறை விழும். சேர்ந்திசையும் அடங்கிப்போகத்தான் சொல்கிறது: தன் குரல் தனித்துத் தெரியக்கூடாது, பக்கத்துக் குரலுக்கு இடம்விட வேண்டும். அந்த அடக்கத்தை அவர்கள் தாங்களாகவே தேடிப்போய் ஏற்றார்கள்.

1945க்குள் பாடியவர்களில் ஏறத்தாழ பாதிப் பேர் இறந்துவிட, பாட்டு நின்றது. அந்த ஏப்ரலில் டிரைபர்க்கும் மறைந்தார். குறிப்பேடுகள் தப்பின, 1980களில் கலிஃபோர்னியப் பெண்கள் குழு ஒன்று அவற்றை மீண்டும் பாடியது. ஒலிப்பதிவு கிடைத்தால், மெட்டை விட்டுவிட்டு அடியில் ஓடும் தாழ்ந்த குரல்களைக் கேளுங்கள்.