மழைக்கோட்டு நாயகன்

'சிக்ஸ்த் சென்ஸ்' தந்த அதிர்ச்சியையே மறுபடி எதிர்பார்த்து வந்தவர்களுக்கு, 2000-இல் வெளியான நைட் ஷியாமளனின் 'அன்பிரேக்கபிள்' சப்பென்றிருந்தது. சூப்பர்ஹீரோ படம் என்று விளம்பரத்திலும் சொல்லவில்லை. இன்று பார்த்தால் அந்த நிதானம்தான் ருசிக்கிறது. வீட்டின் நிலவறையில் புரூஸ் வில்லிஸ் பளு தூக்குகிறார். எடையைக் குறைக்கச் சொன்னால், மகன் கூட்டிவிடுகிறான். தட்டுகள் தீர்ந்ததும் பெயின்ட் டப்பாக்களைத் தொங்கவிடுகிறார்கள். பறப்பதும் கட்டடம் சரிவதும் இல்லை. அப்பாவையே பார்த்து நிற்கும் பையனின் கண்கள் போதும். நாயகனின் உடுப்போ, காவலாளி வேலைக்குப் போடும் மழைக்கோட்டு. தண்ணீர்தான் அவனுக்கு ஆகாது என்பது இயக்குநரின் தனிக் குறும்பு! கடைசியில் திரையில் எழுத்துப் போட்டுக் கதையை முடித்த அவசரத்தை மட்டும் இன்னும் மன்னிக்க முடியவில்லை.